ஜே, கே, பி, ஓ, அரைப்புள்ளி: குழம்பிய எழுத்தை வாசிப்பது எப்படி?

யாழ்ப்பாணத்தில் ஒருவர் இறந்தால் முப்பத்தோராம் நாளில் சிறு புத்தகம் ஒன்றை அச்சிட்டு உறவினருக்குக் கொடுப்பது வழக்கம். அட்டையில் நினைவு மலர் என்று போட்டிருந்தாலும் ஊரில் அதற்குப் பெயர் கல்வெட்டு. படம், தேவாரம், வாழ்க்கைக் குறிப்பு, பிள்ளைகளின் புலம்பல், கடைசியில் வம்சாவளி. அச்சகங்களுக்குக் கணினி வந்த பிறகு இப்படித் தட்டச்சு செய்து வைத்த கோப்புகள் ஏராளம். இருபது வருடம் கழித்து ரொறன்ரோவிலோ லண்டனிலோ இருக்கும் பேரப்பிள்ளை ஒருவர், அப்பம்மாவின் தகப்பனார் பெயரைத் தேடி, பழைய இறுவட்டில் கிடந்த கோப்பைத் திறக்கிறார். படம் இருக்கிறது. பூக்கரை இருக்கிறது. தமிழ் இருக்க வேண்டிய இடமெல்லாம் ஆங்கில எழுத்துகள், நடுநடுவே அரைப்புள்ளிகள். எந்த ஆங்கிலச் சொல்லும் அதில் இல்லை.

வைரஸ் தின்றுவிட்டது, யாரோ பூட்டிவிட்டார்கள், கோப்பு செத்துவிட்டது என்று மூன்று விதமாகச் சொல்வார்கள். மூன்றும் பெரும்பாலும் தவறு. அந்தக் கோப்பில் ஓர் எழுத்துகூடக் கெட்டிருக்காது. அதை வாசிக்கும் திறவுகோல்தான் கூட வரவில்லை. குழம்பிய எழுத்து எதைக் கண்டாலும் முதலில் கேட்க வேண்டியது "இது என்ன சொல்கிறது?" என்பதல்ல, "இது எப்படிக் குழம்பியது?" என்பது. இரண்டாவது கேள்விக்கு விடை கிடைத்தால் முதல் கேள்வி பாதி முடிந்தது.

கணினிக்குத் தெரிந்தது எண் மட்டும்

கணினி எழுத்தைச் சேமிப்பதில்லை, எண்ணைச் சேமிக்கிறது. எந்த எண்ணுக்கு எந்த எழுத்து என்று சொல்லும் அட்டவணைக்குக் குறியேற்றம் என்று பெயர். அந்த எழுத்து திரையில் எந்த வடிவில் தெரிய வேண்டும் என்று சொல்வது எழுத்துரு. இவை இரண்டும் வேறு வேறு. பழைய தமிழ்க் கோப்புகளின் சிக்கல் முழுவதும் இவ்விரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பியதில் பிறந்தது.

ஆரம்பக் கணினிகளின் அட்டவணையில் ஆங்கில எழுத்துகளுக்கே இடம் இருந்தது. சின்ன ஜே என்றால் 106, சின்ன கே என்றால் 107. தமிழுக்கு எண் கிடையாது. ஆகவே எழுத்துரு செய்தவர்கள் ஒரு தந்திரம் செய்தார்கள். 106 என்ற எண்ணை அப்படியே விட்டுவிட்டு, அதற்குரிய படத்தை மட்டும் மாற்றினார்கள். ஜே என்ற வடிவம் இருந்த இடத்தில் 'த' என்ற வடிவத்தை வைத்தார்கள். கணினி தான் ஆங்கிலம் எழுதுவதாக நினைத்துக்கொண்டிருக்கும், பார்ப்பவருக்குத் தமிழ் தெரியும். அந்த எழுத்துரு இல்லாத இன்னொரு கணினியில் கோப்பைத் திறந்தால் வேடம் கலைந்து ஆங்கில எழுத்தே எட்டிப்பார்க்கும்.

உலக மொழிகளுக்கெல்லாம் பொதுவான குறியேற்றமாக யூனிகோட் வந்தபோது இந்த வேடத்துக்குத் தேவை இல்லாமல் போனது. 1991இல் வெளிவந்த அதன் முதற்பதிப்பிலேயே தமிழுக்கெனத் தனி எண்கள் ஒதுக்கப்பட்டன. இன்று 'த' என்றால் உலகின் எந்தக் கணினியிலும் 2980. ஆனால் அட்டவணை வந்தவுடன் அச்சகங்கள் மாறிவிடவில்லை. பக்கம் வடிவமைக்கும் பழைய மென்பொருள்களுக்கு யூனிகோட் தமிழ் ஒத்துவரவில்லை, கை பழகிய தட்டச்சும் வேறு. எனவே வேடம் நீண்டகாலம் தொடர்ந்தது.

பாமினியின் பூட்டு

இலங்கைத் தமிழர் மத்தியில் அந்த வேடத்துக்குப் பெயர் பெரும்பாலும் பாமினி. தமிழ்நாட்டில் வேறு பல எழுத்துருக்கள் போட்டி போட்டன, 1999இல் அரசு 'டாம்', 'டாப்' என்று இரண்டு குறியேற்றங்களை அறிவிக்கவும் செய்தது. இங்கே அச்சகம், பாடசாலை மலர், கோயில் கும்பாபிஷேக மலர் எல்லாவற்றிலும் பாமினிதான் அதிகம் புழங்கியது. இது ஒரு வகையில் நல்லதாகப் போயிற்று. யாழ்ப்பாணத்துப் பழைய கோப்பு ஒன்று குழம்பிக் கிடந்தால் முதலில் முயல வேண்டிய திறவுகோல் எது என்று யோசிக்கவே தேவையில்லை.

திறவுகோலும் புதிதல்ல. தமிழ்த் தட்டச்சு படித்தவர்கள் முதல் நாள் அடித்துப் பழகிய "யளனகப" ஞாபகம் இருக்கும். ஆங்கில விசைப்பலகையின் நடுவரிசையில் இடதுபக்கம் ஏ, எஸ், டி (எஸ்ஸுக்கு அடுத்த விசை), எஃப், ஜி. அவையே ய, ள, ன, க, ப. பாமினி இந்த விசை ஒழுங்கை ஒட்டியே எழுத்துகளை வைத்தது. எந்த விசையைத் தட்டினால் எந்தத் தமிழ் எழுத்து விழுமோ அந்த ஆங்கில எழுத்தே கோப்பில் பதிவானது.

தலைப்பில் உள்ள ஐந்து குறிகளையே எடுப்போம். ஜே = த. கே = ம. பி = இகர விசிறி. ஓ = ழ. அரைப்புள்ளி = மெய்க்குரிய புள்ளி. சேர்த்தால் 'தமிழ்'. யாழ்ப்பாணம் என்பது ஏ, எச், ஓ, அரைப்புள்ளி, ஜி, அரைப்புள்ளி, ஜி, எச், இசட், கே, அரைப்புள்ளி என்று நிற்கும். பழைய மின்னஞ்சல்களை வாசித்தவர்கள் சிலருக்கு இது மாற்றாமலே தமிழாகத் தெரியும்.

இவ்வளவுதானா என்றால் இல்லை. நேருக்கு நேர் மாற்றினால் போதும் என்று இறங்குபவர்கள் நான்கு இடங்களில் இடறுவார்கள்.

1. பெரிய எழுத்தும் சின்ன எழுத்தும் வேறு. சின்ன ஜே 'த', பெரிய ஜே 'து'. சொற்செயலி மென்பொருள் இதை ஆங்கிலம் என்று நம்பி, வாக்கியத்தின் முதலெழுத்தைத் தானாகவே பெரிதாக்கிவிடும். அப்போது 'தமிழ்' என்பது 'துமிழ்' ஆகிவிடும். பழைய மலர்களில் காணும் விசித்திரமான உகரங்கள் சிலவற்றுக்கு அச்சுப்பிழை காரணம் அல்ல, உதவி செய்ய வந்த மென்பொருளே காரணம்.

2. கொம்பு முன்னே நிற்கும். பாமினி கண்ணுக்குத் தெரியும் வரிசையில் எழுதும். 'தேவி' என்பதில் முதலில் இரட்டைக் கொம்பு, பிறகுதான் 'த'. யூனிகோட் ஒலிக்கும் வரிசையில் எழுதும்: முதலில் 'த', பிறகு கொம்பு. ஆகவே யாழ்தேவியை மாற்றும்போது எழுத்தை மாற்றினால் மட்டும் போதாது, இடத்தையும் மாற்ற வேண்டும்.

3. ஒரு வடிவம், இரண்டு வேலை. பழைய அச்சில் 'ர்' என்பது காலுக்கு மேல் புள்ளி வைத்த வடிவம். தட்டச்சிலும் அதே பழக்கம். ஆகவே 'அவர்கள்' என்ற சொல்லில் 'ர்' வரும் இடத்தில் ரகர விசை இருக்காது. எச், அரைப்புள்ளி, அதாவது கால், புள்ளி என்று இருக்கும். இதன் விளைவு கடைசியில் வருகிறது.

4. கோப்பில் நிஜமான ஆங்கிலமும் இருக்கலாம். ஆங்கிலத்தில் 'இஃப்' என்ற சொல்லின் இரண்டு எழுத்துகள் பாமினியில் அச்சொட்டாகக் 'கை'. லண்டன் என்று ஆங்கிலத்தில் எழுதிய முகவரி, பாமினியை யூனிகோட்டாக்கும் மாற்றியில் போனால் 'டுழனெழ' என்று வந்து, கடைசியில் சொந்தக்காரன் இல்லாத கொம்பு ஒன்று தொங்கிக்கொண்டிருக்கும். டுழனெழ என்று ஓர் ஊர் எங்கே இருக்கிறது என்று யாரும் தேடப் போகக் கூடாது.

எந்த வகைக் குழப்பம்?

எல்லாக் குழப்பமும் பாமினி அல்ல. வட்ஸ்அப்பில் வரும் இணைப்பு, மின்னஞ்சல் தலைப்பு, குறுஞ்செய்தியின் கடைசி வரி என்று வேறு பல இடங்களிலும் புரியாத எழுத்துச் சரங்கள் வருகின்றன. ஒவ்வொன்றுக்கும் ஒரு முகச்சாடை உண்டு. அதைப் பிடித்துக்கொண்டால் வேலை சுலபம்.

அதற்கு முன் ஒரு சிறு கணக்கு. 'தமிழ்' என்ற சொல்லில் நமக்கு மூன்று எழுத்து. யூனிகோட் கணக்கில் த, ம, இகர விசிறி, ழ, புள்ளி என ஐந்து. அதைச் சேமிக்கும் வழக்கமான முறையான யூடிஎஃப்-8இல் ஒவ்வொரு தமிழ்க் குறிக்கும் மூன்று பைட் (பைட் என்பது கணினிச் சேமிப்பின் சிறு அலகு), ஆக 15 பைட். இந்த மும்மூன்றில் முதல் பைட் எப்போதும் ஒன்றே. இரண்டாவது பைட் இரண்டில் ஒன்று. இந்தச் சலிப்பூட்டும் ஒழுங்குதான் நமக்குத் துப்பு.

1. தலையில் சாய்கோடு வைத்த சின்ன ஏ, அதன் பக்கத்தில் வட்டத்துக்குள் ஆர். இந்தச் சோடி ஒரே வரியில் திரும்பத் திரும்ப வந்தால் அது சந்தேகமில்லாமல் யூனிகோட் தமிழ். மூன்று பைட்டை மூன்று மேற்கத்திய எழுத்துகளாக ஏதோ ஒரு மென்பொருள் பிரித்து வாசித்திருக்கிறது. குறியேற்றத்தை யூடிஎஃப்-8 என்று மாற்றித் திறந்தால் போதும்.

2. சதவீதக் குறி, இ, பூச்சியம். தமிழ் விக்கிப்பீடியா இணைப்பை நண்பருக்கு அனுப்பினால் அரைப்பக்க நீளத்துக்குச் சதவீதக் குறிகள் வருவது இதனால்தான். இணைய முகவரியில் தமிழை நேரடியாக வைக்க முடியாத இடங்களில் ஒவ்வொரு பைட்டுக்கும் ஒரு சதவீதக் குறி போட்டு எழுதுவார்கள். மூன்றெழுத்துத் 'தமிழ்' 45 குறிகளாக ஊதிப்போகும்.

3. நான்கு இலக்க எண்கள், ஒவ்வொன்றும் அரைப்புள்ளியில் முடியும். எண்கள் 2944க்கும் 3071க்கும் இடையே இருந்தால் அது தமிழ். 2980, 2990, 3007, 2996, 3021 என்று வந்தால் மீண்டும் அதே 'தமிழ்'.

4. நான்கு, கே, ஆறு. இது கொஞ்சம் அழகானது. மின்னஞ்சலில் பழைய வழிகளினூடாகப் பிறமொழி எழுத்தை அனுப்ப 'பேஸ்64' என்ற முறை உண்டு: ஒவ்வொரு மூன்று பைட்டையும் நான்கு ஆங்கிலக் குறிகளாக மாற்றும். தமிழ்க் குறி ஒன்றுக்கு மிகச்சரியாக மூன்று பைட் என்பதால், ஒரு தமிழ்க் குறி நான்கு ஆங்கிலக் குறியாகும். அந்த நான்கில் முதல் மூன்று 'நான்கு, கே, ஆறு' அல்லது 'நான்கு, கே, கூட்டல் குறி' என்றே இருக்கும். சொற்களுக்கு இடையே வெற்றிடம் வந்தால் அடுக்கு நகர்ந்து முகச்சாடை மாறும். ஆனால் தொடக்கத்திலேயே இந்த மூன்றும் நின்றால், திறந்து பார்க்காமலே சொல்லலாம், உள்ளே இருப்பது தமிழ்.

5. வெறும் சதுரப் பெட்டிகள். இது குழப்பமே அல்ல. எழுத்து சரியாகவே இருக்கிறது, அந்தக் கருவியில் தமிழ் எழுத்துரு இல்லை.

6. கேள்விக்குறிகள். இதுதான் உண்மையான சாவு. தமிழுக்கு இடமில்லாத அட்டவணையில் தமிழைச் சேமிக்கச் சொன்னால் சில மென்பொருள்கள் ஒவ்வொரு எழுத்தையும் எடுத்து எறிந்துவிட்டு அதன் இடத்தில் ஒரு கேள்விக்குறியை வைக்கும். கேள்விக்குறிக்குப் பின்னால் எதுவும் ஒளிந்திருக்காது. எந்த நிபுணரிடம் கொடுத்தாலும் வராது. வேறு பிரதி இருக்கிறதா என்று தேடுவதே வழி.

7. ஒருமுறைக் கடவுச்சொல் வரும் குறுஞ்செய்தியின் கடைசியில் 11 குறிகள். "இது என்ன ரகசியம்?" என்று பலர் கேட்கும் சரம் இது. ஆண்ட்ரொய்ட் கைபேசியில் எந்தச் செயலிக்கு இந்தச் செய்தி உரியது என்று காட்டும் அடையாளம், அவ்வளவுதான். அதை வாசிக்க வேண்டியது போன், நாம் அல்ல.

8. பூச்சியம் முதல் ஒன்பது வரையும் ஏ முதல் எஃப் வரையும் மட்டுமே வரும் 32, 40 அல்லது 64 குறிகள். இது பெரும்பாலும் ஒரு கோப்பின் கைரேகை. கைரேகையை வைத்து ஆளை ஒப்பிட்டுப் பார்க்கலாம், கைரேகையிலிருந்து ஆளை உண்டாக்க முடியாது. ஆகவே இதை 'உடைத்து' உள்ளிருக்கும் செய்தியை எடுத்துத் தருகிறேன் என்று யாராவது காசு கேட்டால் கொடுக்காதீர்கள்.

வேண்டுமென்றே மறைத்த எழுத்து

சரி, மேலே சொன்ன எந்தச் சாடையும் இல்லை, உண்மையிலேயே யாரோ மறைத்து எழுதியிருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். மறைப்பதில் மூன்று வழிகள் உண்டு.

முதலாவது, சொல்லை மாற்றுவது. இதற்கு நம் இலக்கணத்திலேயே பெயர் இருக்கிறது: குழூஉக்குறி. பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பார்கள் என்று உரைகளில் உதாரணம் வரும். இதை எழுத்தை எண்ணி உடைக்க முடியாது. அந்தக் குழுவுக்குள் ஆள் தெரிந்திருக்க வேண்டும்.

இரண்டாவது, எழுத்தின் இடத்தை மாற்றுவது. வாரப் பத்திரிகைகளில் வரும் 'எழுத்துகளை ஒழுங்குபடுத்துக' போட்டி இந்த வகை. இங்கே தமிழுக்கு ஒரு தனிச் சிக்கல் உண்டு: எதை எழுத்து என்று எண்ணுவது? யாழ்ப்பாணம் என்பதை யா, ழ், ப், பா, ண, ம் என்று ஆறாகப் பிரித்துக் கலைத்தால் 720 வரிசைகள்தான் வரும், ஒரு பின்னேரத்தில் எழுதிப் பார்த்துவிடலாம். அதையே கணினி தன் கணக்கில் காலையும் புள்ளியையும் தனித்தனியாகப் பிரித்து 11 குறிகளாகக் கலைத்தால் 16,63,200 வரிசைகள். அவற்றில் மிகப்பல தமிழில் உச்சரிக்கவே முடியாதவை. கால் சொல்லின் முதலில் நிற்கும், புள்ளிக்கு மேல் புள்ளி ஏறும். அப்படிப்பட்ட சரத்தைக் கண்டால் கலைத்தது மனிதர் அல்ல, தமிழ் தெரியாத நிரல் என்று முடிவு செய்யலாம்.

மூன்றாவது, எழுத்துக்குப் பதில் எழுத்து வைப்பது. ஜூலியஸ் சீசர் ஒவ்வோர் எழுத்தையும் மூன்று இடம் தள்ளி எழுதினார் என்பது பழைய செய்தி. அதை உடைக்க 25 முறை முயன்றால் போதும். தள்ளாமல் இஷ்டத்துக்கு மாற்றினால் ஆங்கிலத்தின் 26 எழுத்துகளுக்குச் சாத்தியமான திறவுகோல்கள் நான்குக்குப் பின் 26 பூச்சியங்கள் போட்ட அளவு. ஒவ்வொன்றாக முயல்வது நடக்காது. பாமினியும் சாரத்தில் இதே வகைதான். ஒரே வித்தியாசம், அதன் திறவுகோலை யாரும் ஒளித்து வைக்கவில்லை.

இதை உடைக்கும் வழியை 9ஆம் நூற்றாண்டில் பக்தாதில் வாழ்ந்த அறிஞர் அல்-கிந்தி எழுதி வைத்தார். எழுத்தை மாற்றலாம், ஆனால் மொழியின் பழக்கத்தை மாற்ற முடியாது. ஆங்கிலத்தில் நூறு எழுத்து எழுதினால் அதில் ஏறத்தாழ 12 முறை 'இ' வரும். மறைத்த எழுத்தில் எது அதிகம் வருகிறதோ அது 'இ' ஆக இருக்க வாய்ப்பு அதிகம். அங்கே பிடித்து இழுத்தால் மற்றவை ஒவ்வொன்றாக வரும். பாமினியையே இப்படிக் கண்டுபிடிக்கலாம்: ஆங்கிலத்தில் எப்போதாவது வரும் அரைப்புள்ளி, வரிக்குப் பத்து முறை வந்தால் அது புள்ளியாகத்தான் இருக்க வேண்டும்.

இலக்கணம் கொடுக்கும் பிடி

தமிழில் மறைத்து எழுதுபவர் பாவம். நம் மொழியின் எழுத்து ஒழுங்கு அவ்வளவு இறுக்கமானது. பள்ளியில் வெறுத்துப் படித்த மொழிமுதல், மொழியிறுதி விதிகள் இங்கே உளவாளி வேலை செய்கின்றன.

1. புள்ளி வைத்த எழுத்து சொல்லின் முதலில் வராது. டாக்குத்தர், ரயில், லண்டன் போன்ற இரவல்களை விட்டால் ட, ண, ர, ல, ழ, ள, ற, ன வரிசைகளும் முதலில் வருவது அரிது. நீண்ட உரையில் ஒருமுறையும் சொல்லைத் தொடங்காத குறிகளைப் பட்டியல் போட்டாலே பாதி எழுத்து அகப்படும்.

2. மெல்லினம் தன் இனத்தை விட்டு அதிகம் விலகாது. ங் வந்தால் அடுத்தது க. ந் வந்தால் அடுத்தது பெரும்பாலும் த. இப்படிச் சோடியாகவே திரியும் குறிகளைத் தேட வேண்டும்.

3. எனக்கு இவற்றில் மிகப் பிடித்தது ஒற்று மிகுதல். "கல்வெட்டைப் படித்தார்" என்பதில் புள்ளியை விட்டுப் பார்த்தால், முதற்சொல் முடியும் குறியும் அடுத்த சொல் தொடங்கும் குறியும் ஒன்றே. மறைத்த உரையில் ஒரு சொல்லின் வாலும் அடுத்ததன் தலையும் அடிக்கடி ஒத்துப்போனால், அங்கே நிற்பவை க், ச், த், ப் ஆகிய நான்கில் ஒன்று. ஆங்கிலத்துக்கு இப்படி ஒரு சலுகை கிடையாது. ஒற்றுப்பிழையோடு எழுதுபவரின் ரகசியம் பாதுகாப்பானது என்றும் இதற்குப் பொருள்.

ஆனால் இவையெல்லாம் வேலை செய்ய உரை நீளமாக இருக்க வேண்டும். அமெரிக்கக் கணிதவியலாளர் குளோட் ஷானன் 1949இல் இதைக் கணக்காகவே காட்டினார். எழுத்துக்கு எழுத்து மாற்றிய ஆங்கில உரை ஏறத்தாழ 28 எழுத்தாவது இருந்தால்தான் ஒரே ஒரு விடை என்று உறுதி சொல்ல முடியும். அதைவிடக் குறைந்தால் பொருந்தும் விடைகள் பல இருக்கும், எல்லாமே சரியாகத் தெரியும். ஆறெழுத்துச் சரம் ஒன்றைக் காட்டி "இதன் பொருள் இதுதான்" என்று அடித்துச் சொல்பவர் யாராக இருந்தாலும், அது உரையாடும் செயற்கை நுண்ணறிவு மென்பொருளாகவே இருந்தாலும், ஊகிக்கிறார் என்றே கொள்ள வேண்டும். சோதிக்க ஒரு வழி உண்டு. அவர் சொல்லும் திறவுகோலை வாங்கி, மீதி உரையில் நீங்களே போட்டுப் பாருங்கள். அங்கேயும் தமிழ் வந்தால் சரி.

ஆனைக்கோட்டை முத்திரை

திறவுகோல் முற்றாகத் தொலைந்தால் என்ன ஆகும் என்பதற்கு யாழ்ப்பாணத்திலேயே சாட்சி இருக்கிறது. நகருக்கு அருகே ஆனைக்கோட்டையில் பெருங்கற்காலப் புதைகுழி ஒன்றை, கா. இந்திரபாலா தலைமையில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகக் குழு 1980களின் தொடக்கத்தில் அகழ்ந்தபோது சிறு முத்திரை ஒன்று கிடைத்தது. அதில் இரண்டு வரிகள். ஒன்று பிராமி என்ற பண்டைய எழுத்து. மற்றது பெருங்கற்காலப் பானைகளில் கீறப்படும் வகைக் குறிகள். கி.மு. 3ஆம் நூற்றாண்டைச் சேர்ந்ததாக மதிப்பிடுகிறார்கள். பிராமி வரியை வலமிருந்து இடமாகக் 'கோவேத' என்று வாசிப்பவர்கள் அதில் ஒரு தலைவனின் பெயரையோ பட்டத்தையோ காண்கிறார்கள். குறி வரியும் அதையேதான் சொல்கிறது என்ற கருத்து உண்டு. மேலே ஷானன் சொன்ன தடையை இங்கே போட்டுப் பாருங்கள். விரல்விட்டு எண்ணக்கூடிய குறிகள். கருத்து அழகானதாக இருக்கலாம், உறுதிப்படுத்த அதே குறிகள் அதே ஒலிகளோடு வேறோர் இடத்திலும் வர வேண்டும்.

பிராமி மட்டும் எப்படி வாசிக்கப்பட்டது? அதுவும் ஒரு காலத்தில் யாருக்கும் புரியாத கீறல்தான். சாஞ்சித் தூபியின் கல்வேலியில் நிறையக் குறுங்கல்வெட்டுகள் இருந்தன. அவற்றில் பல ஒரே இரண்டு எழுத்தில் முடிவதை ஆங்கிலேய அறிஞர் ஜேம்ஸ் பிரின்செப் கவனித்தார். தனித்தனியாக, சின்னச் சின்னதாக, கட்டடத்தின் உறுப்புகளில் வெட்டிய வாசகம் எதுவாக இருக்கும்? நம் கோயில்களில் ரியூப் லைட்டிலும் மணியிலும் எழுதியிருப்பதை நினைத்துப் பாருங்கள்: உபயம், இன்னார். அங்கே அது 'தானம்'. அந்த ஊகம் கொடுத்த எழுத்துகளை வைத்து 1837இல் மீதியையும் திறந்தார். பெருங்கல்வெட்டுகளில் வந்த 'தேவானம்பிய பியதசி' யார் என்பதற்கு விடை இலங்கையிலிருந்து போனது. இங்கே அரசுப் பணியில் இருந்த ஜோர்ஜ் டேர்னர், தீபவம்சம் என்ற பழைய பாளி வரலாற்று நூலில் பியதசி என்பது அசோகனுக்குரிய பெயர் என்று கண்டு சொன்னார்.

கவனியுங்கள், பிரின்செப் எழுத்திலிருந்து பொருளுக்குப் போகவில்லை. இந்த இடத்தில் மனிதர் என்ன எழுதுவார்கள் என்று கேட்டு, பொருளிலிருந்து எழுத்துக்கு வந்தார். குழம்பிய கோப்பை வைத்திருப்பவருக்கும் இதே வழி திறந்திருக்கிறது. பாமினியில் எண்கள் எண்களாகவே நிற்கும். ஆகவே நம் கல்வெட்டுக் கோப்பின் முதற்பக்கத்தில் எல்லாம் குழம்பியிருந்தாலும் இரண்டு திகதிகள் மட்டும் பளிச்சென்று தெரியும். அவற்றின் பக்கத்தில் இருக்கும் இரண்டு குழம்பிய சொற்களும் ஒரே மாதிரி முடிகின்றன: எச், அரைப்புள்ளி, பெரிய டி (இது மேல்வரிசையில் உள்ள டி). மரண அறிவித்தல் வாசித்துப் பழகிய எவருக்கும் அது என்னவென்று தெரியும். மலர்வு, உதிர்வு. பாமினி என்ற பெயரே தெரியாதவர்கூட இந்த இரண்டு சொல்லிலிருந்து எட்டு விசைகளைக் கண்டுபிடித்துவிடலாம்.

கோப்பை மீட்கும்போது

நடைமுறைக்கு வருவோம். பாமினியை யூனிகோட்டாக மாற்றும் இலவசக் கருவிகள் இணையத்தில் நிறைய இருக்கின்றன. அவற்றில் போடுவதற்கு முன் மூலக்கோப்பைத் தொடாமல் ஒரு பிரதி எடுத்து வையுங்கள். அந்தப் பிரதியைச் சேமிக்கும்போது மென்பொருள் குறியேற்றம் பற்றி ஏதாவது கேட்டால், வாசிக்காமல் 'ஆம்' என்று அழுத்த வேண்டாம். கேள்விக்குறிகள் பிறப்பது அந்த இடத்தில்தான். ஆங்கில முகவரிகளையும் மின்னஞ்சல்களையும் முன்னரே பிரித்தெடுங்கள்.

பிடிஎஃப் கோப்புகள் இன்னொரு பொறி. எழுத்துரு உள்ளேயே பொதிந்திருப்பதால் திரையில் அழகான தமிழ் தெரியும், பிரச்சினை இருப்பதே தெரியாது. ஒரு வரியை நகலெடுத்து வேறிடத்தில் ஒட்டிப் பார்த்தால்தான் குட்டு வெளிப்படும். அந்தக் கோப்பைத் தேடுபொறி தமிழாகக் காணாது. பார்வையற்றவருக்கு வாசித்துக் காட்டும் மென்பொருள் ஆங்கில எழுத்துகளை உளறும்.

மாற்றி முடித்த பிறகு ஒரு சோதனை பாக்கி இருக்கிறது. 'ர்' என்பதைக் காலும் புள்ளியுமாகத் தட்டச்சு செய்தார்கள் என்று பார்த்தோம். கவனமில்லாத மாற்றி அதைக் காலும் புள்ளியுமாகவே விட்டுவிடும். அவர்கள், அவா்கள். முதலாவது சரி, இரண்டாவது பிழை. பல எழுத்துருக்களில் கண்ணுக்கு வித்தியாசமே தெரியாது, கணினிக்கோ இவை இரண்டு வேறு சொற்கள். இணையத்தில் உள்ள தமிழில் இந்தப் பிழை இன்றும் நிறையக் கிடக்கிறது. பேரப்பிள்ளை வம்சாவளியில் 'பார்வதி' என்று தேடுகிறார். ஒன்றும் இல்லை என்கிறது கணினி. மூன்றாவது வரியில் பாா்வதி இருக்கிறார், அவருடைய தகப்பனார் பெயரோடு. கோப்பு முழுவதிலும் காலும் புள்ளியும் சேர்ந்து வரும் இடங்களை 'ர்' என்று ஒரே தடவையில் மாற்றிவிட்டுத் திரும்பத் தேடச் சொல்லுங்கள்.